யோபுவின் இரண்டாம் மகள்

ஆகஸ்ட் 3, சனி

இது அரிசி மண்டியில் கொடுத்த டைரி. இதுவரை இதில் சமையல் அளவுதான் எழுதியிருக்கிறேன். கறி இத்தனை கிலோ, பட்டை இவ்வளவு, கிராம்பு இவ்வளவு என்று. இன்றிலிருந்து சரித்திரம் எழுதலாமென்று இருக்கிறேன். ஆஸ்பத்திரி வராந்தாவில் வேறு வேலை இல்லை.

என் தங்கை சுகிர்தாவைப் பாளையங்கோட்டையில் சேர்த்திருக்கிறது. அவளுக்கு எட்டாம் மாதம் தொடங்கி நாலு நாள்தான் ஆகிறது, அதற்குள் பனிக்குடம் உடைந்துவிட்டது. அவள் புருஷன் ஆல்வின் தூத்துக்குடித் துறைமுகத்தில் வேலை. பாதிச் சோற்றில் எழுந்து வந்திருக்கிறான், கையில் ரசம் காய்ந்திருக்கிறது. நான்தான் அவனுக்குத் தைரியம் சொன்னேன்.

பின்னால் படிக்கிறவர்களுக்காக என்னைப் பற்றி எழுதிவைக்கிறேன். நாசரேத் துரைசிங் மாஸ்டர் என்றால் திருச்செந்தூர் வரை தெரியும். கோயில் பண்டிகை அசன விருந்தில் மூவாயிரம் பேருக்கு ஒற்றை ஆளாய் நின்று சோறும் கறியும் இறக்கியவன். படிப்பு எட்டாம் வகுப்பு. ஒன்பதை நானாகத்தான் வேண்டாமென்றேன். ஆனால் ஓய்வுநாள் பள்ளியில், வேதத்தில் வருகிற யோபுவின் மூன்று மகள்களின் பெயரையும் மூச்சுவிடாமல் சொல்லி எவர்சில்வர் டிபன் பாக்ஸ் வாங்கியவன் சபையிலேயே நான் ஒருவன்தான். போன வருஷத்துக்கு முந்தின வருஷம் புனிதப் பயணக் குழுவுக்குச் சமையல்காரனாக எங்கள் நாசரேத்திலிருந்து இயேசு வளர்ந்த அந்த நாசரேத்துக்கே போய் ஒரு மாதம் இருந்தேன். எபிரேயம் பாதி பேசுவேன்.

ஆகஸ்ட் 4, ஞாயிறு

பெண் குழந்தை. ஒரு கிலோ முந்நூறு கிராம். கோழி கூட இதைவிடக் கனம் என்று எழுத வந்தது, எழுதக் கூடாது.

கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்திருக்கிறார்கள். மூக்கில் குழாய். விரல் எல்லாம் சேமியா மாதிரி. பக்கத்துக் கட்டில்காரி சுகிர்தாவிடம் மூத்ததா என்று கேட்டாள். ஆமாம் என்று சொல்லிவிட்டுச் சுகிர்தா சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டாள். நான் ஜன்னலைப் பார்த்தேன்.

ஆகஸ்ட் 6, செவ்வாய்

பெட்டியின் மேல் ஒரு அட்டை. 'சுகிர்தா குழந்தை' என்று மட்டும் எழுதியிருக்கிறது.

ஆல்வினின் அக்காள் எமரால்டு டீச்சர் வந்தாள். முப்பது வருஷம் பிள்ளைகளை முட்டிபோட வைத்த சர்வீஸ். ஒரு தாளில் பத்துப் பெயர் எழுதிக் கொண்டுவந்திருந்தாள், எல்லாம் இங்கிலீஷ் பெயர். முதலில் குளோரி. நான் பொறுமையாகக் கேட்டுவிட்டு, பிள்ளைக்குப் பெயர் வைப்பது தாய்மாமன் உரிமை, அதிலும் எபிரேயம் தெரிந்த தாய்மாமன் இருக்கும்போது வெள்ளைக்காரனிடம் ஏன் போகவேண்டும் என்று கேட்டேன். கெத்சியா என்று வைக்கலாம் என்றேன். யோபுவின் இரண்டாம் மகள்.

என்ன அர்த்தம் என்று டீச்சர் கண்ணாடியைத் தூக்கிவிட்டுக் கேட்டாள். இராஜாக்களை ஆளப் பிறந்தவள் என்று சொன்னேன். அந்த நாட்டில் நாற்பது நாள் இருந்ததில் தெரிந்துகொண்டது என்றும் சொன்னேன். வார்டு முழுக்க நிமிர்ந்து பார்த்தது.

"மூணு மகள்ல எதுக்கு அண்ணாச்சி ரெண்டாவது? மூத்தவ பேரு யெமீமா நல்லாத்தான இருக்கு" என்றாள் டீச்சர்.

ரெண்டாவதுதான் ராசி என்று சொல்லிவிட்டுக் காப்பி வாங்கப் போய்விட்டேன்.

ஆகஸ்ட் 7, புதன்

குழந்தைக்குக் குழாய் வழியாக இரண்டு மில்லி பால். அவ்வளவுதான் செய்தி.

ஆகஸ்ட் 9, வெள்ளி

போதகர் ஐயா வந்து ஜெபம் பண்ணினார். குழந்தை மூச்சுவிட மறந்துபோகிறது என்று டாக்டர் சொன்னதைக் கேட்டுவிட்டு, இங்கேயே ஞானஸ்நானம் கொடுத்துவிடலாமே, பெயர் என்ன என்று கேட்டார். எல்லாரும் சுகிர்தாவைப் பார்த்தோம்.

அவள் பெயர் வைக்கமாட்டேன் என்றாள். வீட்டுக்கு வரட்டும், வந்த பிறகு வைக்கலாம் என்றாள். ஆல்வின் கெஞ்சினான். டீச்சர் கண்டித்தாள். அவள் அசையவில்லை.

இதை எழுதித்தான் ஆகவேண்டும். நாலு வருஷத்துக்கு முன் இவளுக்கு ஒரு பெண் குழந்தை பிறந்தது. இதே மாதிரி முந்திக்கொண்டு வந்தது. வயிற்றில் இருக்கும்போதே தினம் ஒரு பெயர் சொல்லிக் கொஞ்சுவாள்; திங்கட்கிழமை ஷெரின், செவ்வாய்க்கிழமை இன்னொன்று. பிறந்து மூன்று நாள் இருந்தது. எந்தப் பெயரும் நிலைக்கவில்லை. தன் வாய்தான் அதை அனுப்பிவிட்டது என்று அவளுக்கு ஒரு நினைப்பு.

ஆல்வின் மயங்கி விழுந்து கிடந்ததால் பெட்டியைக் கல்லறைத் தோட்டத்துக்கு நான்தான் தூக்கிப் போனேன். நாலாயிரம் பேருக்கு வடிக்கிற அண்டாவைத் தூக்கிய கை இது. அந்தப் பெட்டி அதைவிட

சாப்பாடு வந்துவிட்டது.

ஆகஸ்ட் 11, ஞாயிறு

இன்று நான் கண்ணால் பார்த்தேன். மானிட்டர் அலறியது. நர்ஸ் ஓடிவந்து பெட்டிக்குள் கையை விட்டு உள்ளங்காலில் ஒரு சுண்டு சுண்டினாள். பிள்ளை 'ஹக்' என்று மூச்சை இழுத்தது. உப்பு பார்க்கிற மாதிரி அவ்வளவு சாதாரணமாகச் செய்தாள் அந்த நர்ஸ்.

பிறகு சுகிர்தாவிடம், "சும்மா பாத்துட்டே இருந்தா எப்பிடிம்மா. பேரைச் சொல்லிக் கூப்பிடுங்க. உள்ள இருக்கும்போதே கேட்ட சத்தம்லா, அதுக்குத் தெரியும்" என்றாள்.

சுகிர்தா பெட்டியில் இருந்த ஓட்டைக்கு நேரே வாயைக் கொண்டுபோனாள். உதடு அசைந்தது. சத்தம் வரவில்லை. கூப்பிட ஒன்றுமே இல்லை அவளிடம். பத்து நிமிஷம் அப்படியே நின்றாள்.

ஆகஸ்ட் 13, செவ்வாய்

ஆல்வினுக்கு ஒரு யோசனை. நல்ல யோசனை என்பதால் பாதி என்னுடையது என்று சொல்லலாம். எங்கள் சபையில் முடிவெடுக்க முடியாத காரியத்துக்குச் சீட்டுப் போடுவது வழக்கம். கல்யாண சம்பந்தம், வீட்டுக்கு நிலம், எல்லாவற்றுக்கும். பேரைச் சீட்டில் எழுதி ஜெபம்பண்ணி ஒன்றை எடுப்பது. வருவது கர்த்தருடைய சித்தம். மீதிச் சீட்டைப் பிரித்துப் பார்க்கக் கூடாது, பார்த்தால் சந்தேகப்பட்டதாக ஆகிவிடும்.

சுகிர்தா வெகுநேரம் யோசித்தாள். பிறகு, "சீட்டுல வந்தா அது நான் வச்ச பேரு இல்லல்லா" என்று கேட்டாள். இல்லை என்றோம். அப்படியென்றால் சரி என்றாள்.

மூன்று பெயர். டீச்சருடையது குளோரி. ஆல்வினுடையது பியூலா. என்னுடையது கெத்சியா.

ஆகஸ்ட் 14, புதன்

தாய்மாமன் என்ற முறையில் மூன்று சீட்டையும் நானே எழுதினேன். வராந்தாவில் தனியாக உட்கார்ந்து எழுதினேன். என் கையெழுத்து ஊரறிந்தது. பந்திக்கு 'இடம் முடிந்தது' போர்டு எழுதுகிறவன் நான்தான். ஒவ்வொன்றையும் நாலாக மடித்து, டீச்சரின் டிபன் பாக்ஸ் மூடியில் போட்டேன்.

யார் எடுப்பது என்று வந்தபோது டீச்சரே எடுக்கட்டும் என்றேன். அவளுக்கு முகம் மலர்ந்துவிட்டது. போதகர் ஐயா ஜெபம்பண்ண, டீச்சர் கண்ணை இறுக்கி மூடி ஒன்றை எடுத்துப் பிரித்தாள்.

கெத்சியா.

தன் கையால் எடுத்ததை அவளால் மறுக்க முடியவில்லை. மீதி இரண்டையும் தன் கைப்பையில் போட்டு ஜிப்பை இழுத்தாள். அதை நான் வாங்கியிருக்க வேண்டும்.

சுகிர்தா எழுந்து போய்ப் பெட்டி ஓட்டையில் வாயை வைத்தாள். "கெத்சியா" என்றாள். கொஞ்சம் பொறுத்து, "ஏட்டி கெத்சியா" என்றாள். குழந்தையின் கால் அசைந்தது. கண்ணைத் திறந்து தலையைத் திருப்பித் தாயைப் பார்த்துச் சிரித்தது என்று ஊரில் சொல்லப்போகிறேன். இங்கே எழுதுகிறேன், கால் அசைந்தது.

ஆகஸ்ட் 15, வியாழன்

போதகர் ஐயா கையைக் கழுவிவிட்டுப் பஞ்சு நனைத்து நெற்றியில் வைத்தார். கெத்சியா ஞானஸ்நானம் பெற்றாள். அட்டையில் நர்ஸ் பேனாவால் பெயரைச் சேர்த்து எழுதினாள்.

வெளியே கொடியேற்றி மிட்டாய் கொடுத்தார்கள். நான் நாலு எடுத்துக்கொண்டேன்.

ஆகஸ்ட் 18, ஞாயிறு

டீச்சர் ஆராதனை முடிந்து நேரே வந்தாள். நடையிலேயே தெரிந்தது, ஏதோ அகப்பட்டிருக்கிறது என்று. யாரோ இறையியல் படித்தவரிடம் விசாரித்திருக்கிறாள்.

"அண்ணாச்சி, ராஜாக்கள ஆளுதவன்னு சொன்னிய. கெத்சியான்னா பட்டையாம். பிரியாணியில போடுத பட்டை. மசாலா டப்பாவத் திறந்து பேரு எடுத்தியளோ? அடுத்த பிள்ளைக்கு என்ன, கிராம்பா?"

வார்டு சிரித்தது. நான் விடவில்லை. அந்தக் காலத்தில் பட்டை என்றால் பொன்னுக்குச் சமம், அதை ராஜாக்கள் பெட்டியில் பூட்டி வைப்பார்கள், பூட்டி வைக்கிறவனை ஆள்வது எது, அந்தப் பட்டைதானே, ஆகவே நான் சொன்னதும் சரி என்று நிரூபித்தேன். ஐயாயிரம் பேருக்குப் பட்டை போட்டவனுக்கா பட்டையின் மகிமை தெரியாது.

நர்ஸ்கூட இப்போது 'பட்டை மாமா' என்கிறாள். ஆனால் ஒன்று. சுகிர்தா சிரித்தாள். வாயைப் பொத்திக்கொண்டு, தையல் வலிக்க வலிக்கச் சிரித்தாள்.

பட்டை என்பது எனக்குத் தெரியாதா.

ஆகஸ்ட் 20, செவ்வாய்

ஒரு கிலோ நானூற்று எழுபது. மூக்குக் குழாயை எடுத்துவிட்டார்கள். சுகிர்தா பிள்ளையை நெஞ்சோடு கட்டிக்கொண்டு உட்காருகிறாள். மூச்சு நிற்கிற மாதிரி இருந்தால் பெயரைச் சொல்கிறாள். காலைச் சுண்டவேண்டிய வேலை குறைந்துவிட்டது என்று நர்ஸ் சொல்கிறாள்.

மத்தியானம் சுகிர்தா என்னிடம் கேட்டாள். யோபுவுக்குப் பிற்பாடு பிறந்த பெண்களுக்குப் பெயர் இருக்கிறது. முதலில் இருந்த, வீடு இடிந்து செத்துப்போன பத்துப் பிள்ளைகளுக்கு என்ன பெயர் என்று.

வேதத்தில் எழுதவில்லை என்றேன்.

"பேரில்லாமலா இருந்துருக்கும்?" என்றாள். "கூப்பிட்டிருப்பாங்கள்லா. எழுதாம விட்டுட்டாங்க."

  பிள்ளையின் முதுகில் விரலால் தடவிக்கொண்டே இருந்தாள். சொல்லியிருக்கலாம். ஆல்வின் சாப்பாடு கொண்டுவந்துவிட்டான். அதனால் சொல்லவில்லை என்று எழுதுகிறேன்.

ஆகஸ்ட் 26, திங்கள்

டீச்சர் என்னை வராந்தாவுக்குக் கூப்பிட்டாள். கைப்பையிலிருந்து இரண்டு சீட்டை எடுத்து ஜன்னல் விளிம்பில் வைத்தாள். குளோரி எதில் இருந்தது, கை ஒரு அங்குலம் தள்ளிப் போயிருந்தால் வந்திருக்குமோ என்று நெஞ்சு கேட்கவில்லை, பிரித்துவிட்டேன், அது என் பாவம் என்றாள்.

இரண்டிலும் கெத்சியா.

நான் மூன்று காரணம் சொன்னேன். மையின் கோளாறு என்றேன். எபிரேய முறைப்படி அப்படித்தான் என்றேன். மூன்றாவது என்ன சொன்னேன் என்று நினைவில்லை. டீச்சர் கத்தவில்லை. கத்தியிருந்தால் சமாளித்திருப்பேன்.

"அவ கர்த்தர் வச்ச பேருன்னு நம்பிக் கூப்பிடுதா அண்ணாச்சி. என்னையக் கேலி பண்ணத்தான் செஞ்சியன்னா அது எனக்குப் போதும். அவட்ட நீங்களே சொல்லிருங்க. நான் சொன்னா நல்லா இருக்காது."

இரண்டு சீட்டையும் என் சட்டைப் பையில் போட்டுவிட்டுப் போனாள். கேலி பண்ணவில்லை என்று நான் அவளிடம் சொல்லவே இல்லை.

ஆகஸ்ட் 27, செவ்வாய்

சொல்லவில்லை.

ஆகஸ்ட் 28, புதன்

நாளை மறுநாள் வீட்டுக்குப் போகலாம் என்று டாக்டர் சொல்லிவிட்டார். ஒரு கிலோ எழுநூற்று முப்பது. சுகிர்தா பிள்ளையின் துணிகளை மடித்துக்கொண்டிருந்தாள். நான் சீட்டுகளைத் துணிமேல் வைத்தேன்.

பிரித்தாள். முதலாவதைப் பார்த்தாள், இரண்டாவதைப் பார்த்தாள்.  பிள்ளையைத் தூக்கி மார்போடு அணைத்துக்கொண்டாள், யாரோ பிடுங்க வந்த மாதிரி.

"அப்ப இது கர்த்தர் எடுத்த சீட்டு இல்லையா? ஏன் அண்ணே இப்பிடிச் செஞ்சிய?"

நடந்ததை நடந்தபடி சொன்னேன். அதை எழுதிவைக்கிறேன்.

நாலு வருஷத்துக்கு முன் கல்லறைத் தோட்டத்தில் குழி வெட்டி முடிந்ததும் கோயில்பிள்ளை பதிவேட்டைத் திறந்தார். கோயில் மணி அடிக்கிறவரும் அவர்தான், அடக்கம் எழுதுகிறவரும் அவர்தான். பெயர் என்ன என்று கேட்டார். இல்லை என்றேன். அப்படியென்றால் 'பெண் சிசு' என்று போட்டுவிடவா என்றார். பேனா முனை தாளில் தொட்டுவிட்டது. பொறும் என்றேன். எனக்குத் தெரிந்த படிப்பு ஒன்றே ஒன்றுதான், டிபன் பாக்ஸ் வாங்கின படிப்பு. அதில் முதல் பெயரைச் சொன்னேன். யெமீமா என்று எழுதினார். இதை யாரிடமும் சொல்லவில்லை. இவளிடம் சொல்ல நாலு வருஷமாக வாய் வரவில்லை.

பிறகு அந்த நாசரேத்துக்குப் போனேன். ஒரு மாதம் இல்லை, எட்டு நாள். அதில் ஐந்து நாள் ஓட்டல் அடுப்படியை விட்டு வெளியே வரவில்லை. அங்கே ஒரு வயசாளி சமையல்காரர், அரபி பேசுகிறவர். எனக்கு அவர் பேச்சு தெரியாது, அவருக்கு என் பேச்சு தெரியாது. எபிரேயமும் எனக்குத் தெரியாது. ஷாலோம் மட்டும் தெரியும். யெமீமா, யெமீமா என்று கேட்டுக்கொண்டே இருந்தேன். அவர் இரண்டு கையையும் கோத்துப் புறா பறக்கிற மாதிரி ஆட்டிக் காட்டினார். பிறகு கெத்சியா என்றேன். அவர் அஞ்சறைப் பெட்டி மாதிரி ஒன்றைத் திறந்து ஒரு பட்டைத் துண்டை ஒடித்து என் மூக்குக்குக் கீழே பிடித்தார். நம் வீட்டு வாசனை. அந்த அடுப்படியில் நின்று அழுதேன்.

இதுதான் நான் சொன்னது.

"மூத்தவ யெமீமா. அப்ப அடுத்தது கெத்சியாதான், வேற வரக் கூடாது. குளோரின்னு வந்துட்டா மூத்தவ தனியாப் போயிருவா. அதனாலதான் மூணுலயும் எழுதினேன்" என்றேன். "நீ வச்ச பேரு இல்ல சுகிர்தா. ரெண்டு பேருக்கும் நான்தான் வச்சேன். மேல இருக்கவரு கேக்குறதுன்னா என்னையக் கேக்கட்டும்."

 பிள்ளை சிணுங்கியது. சுகிர்தா அதன் பெயரைச் சொல்லித் தட்டிக்கொடுக்க வாயைத் திறந்தாள், மூடிக்கொண்டாள். முதுகை மட்டும் தட்டினாள்.

நான் எழுந்து வெளியே வந்து பஸ் ஏறிவிட்டேன்.

ஆகஸ்ட் 30, வெள்ளி

வீட்டுக்கு வந்துவிட்டார்கள். நான் போகவில்லை. அடுப்பு வேலை என்று சொல்லிவிட்டேன். அடுப்பு வேலை இல்லை.

செப்டம்பர் 2, திங்கள்

ஆல்வின் வந்தான். குழந்தை நன்றாக இருக்கிறது என்றான். ஆனால் சுகிர்தா அதைப் பாப்பா என்றுதான் கூப்பிடுகிறாள், மூன்று நாளாகப் பெயர் சொல்லவில்லை என்றான். நான் கண்ணைத் தாழ்த்திக்கொண்டேன்.

பிறகுதான் வந்த காரியத்தைச் சொன்னான். "மச்சான், கோயில்பிள்ளையோட பதிவேட்டை அவ பாக்கணுங்கா. நீங்கதான் கூட வரணுமாம்."

செப்டம்பர் 3, செவ்வாய்

சுகிர்தா பிள்ளையை எமரால்டு டீச்சரிடம் விட்டுவிட்டு வந்தாள். டீச்சர் வாசலில் என்னைப் பார்த்துக் குடையை எடுத்துக் கொடுத்தாள்.

கோயில்பிள்ளை நீளப் புத்தகத்தைத் துடைத்து வைத்தார். நாலு வருஷம் பின்னால் புரட்டினார். சுகிர்தா விரலால் வரிகளைத் தடவிக்கொண்டே வந்தாள். விரல் ஓரிடத்தில் நின்றது.

யெமீமா. பெண். வயது மூன்று நாள். தகப்பன் ஆல்வின், தாய் சுகிர்தா. பெயர் கொடுத்தவர் தாய்மாமன்.

கூட்டல் குறி மாதிரி ஒரு கறை இருந்தது. அது என் கண்ணீர் இல்லை, வேர்வை என்று சொன்னேன். அவள் கேட்கவே இல்லை. மெதுவாக, கண்ணாடிப் பெட்டி ஓட்டையில் சொன்ன அதே குரலில், "யெமீமா" என்றாள். இன்னொரு தடவை சொன்னாள். நாலு வருஷமாகக் கூப்பிடாததற்கெல்லாம் சேர்த்து எத்தனை தடவை என்று நான் எண்ணவில்லை. கோயில்பிள்ளை மணி அடிக்கப் போவதுபோல வெளியே போய்விட்டார்.

திரும்பி வரும்போது குடைக்குள் இரண்டு பேரும் நனைந்தோம். வீட்டு வாசலில் ஏறும்போதே உள்ளே பிள்ளை அழுகிற சத்தம். செருப்பைக் கழற்றாமல் ஓடினாள்.

"என்னட்டி கெத்சியா, இந்தா வந்துட்டேன்."

டீச்சர் என்னைப் பார்த்தாள். நான் சட்டைப் பையைத் தடவினேன். சீட்டுகள் சுகிர்தாவிடம்தான் இருக்கின்றன போலும்.

செப்டம்பர் 8, ஞாயிறு

எங்கள் கோயிலில் பிள்ளை பிறந்து நல்லபடியாக வீடு வந்தால் ஸ்தோத்திரச் சீட்டு எழுதிக் கொடுப்பார்கள். போதகர் ஐயா அதைப் பிரசங்க பீடத்திலிருந்து வாசிப்பார். என் கையெழுத்துக்கு உள்ள மதிப்பைச் சொல்லி நானே எழுதித் தருவதாகச் சுகிர்தாவிடம் கூறிப் பேனாவை எடுத்தேன்.

"நீங்க இனிமே எந்தச் சீட்டும் எழுத வேண்டாம் அண்ணே" என்று பேனாவைப் பிடுங்கிக்கொண்டாள். டீச்சர் சத்தமாகச் சிரித்தாள்.

அவளே எழுதி மடித்துக் கொடுத்தாள். போதகர் ஐயா வழக்கம்போல ஆரம்பித்தார், ஆல்வின் சுகிர்தா தம்பதியருக்குக் கர்த்தர் கொடுத்த என்று. அங்கே நின்றார். கண்ணாடியைச் சரிசெய்து சீட்டை மறுபடி பார்த்தார். எங்கள் பெஞ்சைப் பார்த்தார். சுகிர்தா தலையை அசைத்தாள்.

"கொடுத்த இரண்டு பெண்பிள்ளைகளுக்காக ஸ்தோத்திரம்" என்று வாசித்தார். "மூத்தவள் யெமீமா. இளையவள் கெத்சியா."

கோயிலில் இன்று முந்நூறு பேர் இருந்தார்கள். எண்ணிப் பார்த்தேன். முந்நூறுதான்.